கருவேப்பிலைத் தொட்டில இருக்கிற பச்சைப் புழு ஏன் அத மட்டும் சாப்பிடுது?

சென்னைல மாடியிலயோ பால்கனியிலயோ நாலு தொட்டி வெச்சிருக்கிற வீட்ல ஒரு தொட்டி கருவேப்பிலையாத்தான் இருக்கும், அந்தச் செடில அப்பப்போ ஒரு வாரத்துக்குள்ள இலையெல்லாம் காணாமப் போயி வெறும் ஈர்க்கு மட்டும் குச்சி குச்சியா நிக்கும். உத்துப் பாத்தா சுண்டுவிரல் நீளத்துக்கு கொழுகொழுன்னு ஒரு பச்சைப் புழு. உடனே வேப்பெண்ணெய் அடிக்கலாமா, புளிச்ச மோர் தெளிக்கலாமா, இஞ்சி பூண்டு மிளகாய் கரைசல் போடலாமான்னு ஆரம்பிச்சிடுவோம். அதுக்கு முன்னாடி அந்தப் புழு யாரு, பக்கத்துத் தொட்டில இருக்கிற துளசியையும் செம்பருத்தியையும் ஏன் சீந்தவே மாட்டேங்குது, பட்டாம்பூச்சி ஆனப்புறம் என்ன சாப்பிடுதுன்னு தெரிஞ்சுக்கிட்டா மருந்து அடிக்கணுமா வேணாமாங்கிறது பாதி முடிவாயிடும்.

நம்ம ஊர்ல கருவேப்பிலைல வர்றது பெரும்பாலும் ரெண்டே பேர்தான். ஒண்ணு லைம் பட்டர்ஃபிளை, தமிழ்ல எலுமிச்சை அழகின்னு சொல்றாங்க, கறுப்புல வெளிர் மஞ்சள் திட்டுத் திட்டா இருக்கும், பின் இறக்கைல ஒரு சிவப்புப் பொட்டு, வால் கிடையாது. இன்னொண்ணு காமன் மார்மன், கறிவேப்பிலை அழகி, கறுப்பு இறக்கைல வரிசையா வெள்ளைப் பொட்டு, பின்னாடி சின்னதா வால். ரெண்டுமே பாப்பிலியோங்கிற ஒரே பேரினம், ரெண்டுக்கும் அறிவியல் பேர் வெச்சது ஸ்வீடன் விஞ்ஞானி லின்னேயஸ், 1758ல. புழுவா இருக்கிறப்போ ரெண்டையும் பிரிச்சுச் சொல்றது கஷ்டம், சாப்பாடும் கிட்டத்தட்ட ஒண்ணுதான், அதனால இங்க ரெண்டையும் சேத்தே பேசறேன்.

சாப்பாடுன்னா கருவேப்பிலை மட்டுமில்ல. எலுமிச்சை, நார்த்தை, சாத்துக்குடி, வில்வம், விளா, குருந்து எல்லாமே இதுங்களுக்கு ஓகே. இந்த லிஸ்ட்ட பாத்தா சம்பந்தமே இல்லாத மாதிரி இருக்கும், ஒண்ணு தாளிக்கிறதுக்கு, ஒண்ணு ஊறுகாய்க்கு, ஒண்ணு சிவன் கோயில்ல அர்ச்சனைக்கு, இன்னொண்ணு பிள்ளையார் சதுர்த்திக்கு மட்டும் மயிலாப்பூர் மாட வீதில குவியற பழம். ஆனா தாவரவியல்படி இது எல்லாமே ரூட்டேசின்னு ஒரே குடும்பம். எந்த இலையையாவது கசக்கி மோந்து பாருங்க, காரமா, கொஞ்சம் எண்ணெய் வாசனையோட மூக்குல ஏறும். இலைய வெளிச்சத்துக்கு நேரா பிடிச்சா ஊசிப் புள்ளி மாதிரி தெரியறதெல்லாம் அந்த எண்ணெய்ச் சுரப்பிங்கதான். திருப்பெருந்துறைல மாணிக்கவாசகருக்கு உபதேசம் ஆனது குருந்த மரத்தடிலன்னு சொல்லுவாங்கல்ல, அந்தக் குருந்தும் எலுமிச்சைக்குச் சொந்தம்தான், கிண்டி காட்டுக்குள்ளயும் இருக்கு. வீட்டுத் தொட்டி வர்றதுக்கெல்லாம் ரொம்ப முன்னாடியே இந்தப் பட்டாம்பூச்சிங்க இந்தக் கடலோரப் புதர்க்காட்டுல குருந்தையும் விளாவையும் தின்னுட்டு இருந்திருக்கும், நாமதான் அப்புறமா வந்து வீட்டுக்கு வீடு கருவேப்பிலை நட்டு பந்தி போட்டு வெச்சோம்.

சரி, இத்தனை செடிக்கு நடுவுல அது எப்படி கரெக்டா கருவேப்பிலைய கண்டுபிடிக்குது? புழு கண்டுபிடிக்கல, அம்மாதான் கண்டுபிடிக்குது. பொட்டைப் பட்டாம்பூச்சி செடிச் செடியா படபடத்துட்டே தாழப் பறந்து வர்றத நீங்க பாத்திருப்பீங்க, பூவே இல்லாத செடிகிட்ட எதுக்கு சுத்துதுன்னு தோணும். தூரத்துல கண்ணும் வாசனையும் வழிகாட்டுது, கிட்ட வந்தப்புறம் இலைமேல உக்காந்து முன்னங்காலால டப்டப்னு தட்டும். அந்தக் கால்லதான் சுவை உணர்ற முடிங்க இருக்கு, தட்டும்போதே இலைல இருக்கிற கெமிக்கல் என்னன்னு ருசி பாத்துடும். கோயம்பேட்டுல வெண்டைக்காய் நுனிய ஒடிச்சுப் பாத்து வாங்குவோமே, அந்த மாதிரி செக்கிங்தான். இதே பேரினத்துல ஜப்பான்ல இருக்கிற பாப்பிலியோ ஸூதுஸ்னு ஒண்ண வெச்சு நிறைய ஆராய்ச்சி பண்ணிருக்காங்க, எலுமிச்சை வகை இலைகள்ல இருக்கிற சினெஃப்ரின்ங்கிற பொருள அடையாளம் காட்டுற ஒரு ரிசப்டர் பொட்டையோட முன்னங்கால்ல இருக்குன்னு 2011ல கண்டுபிடிச்சாங்க. ஆனா ஒரே ஒரு பொருள் இருந்தா போதாது, ஃப்ளேவனாய்டு, வேற சில சின்ன மூலக்கூறுன்னு பல சாமான் சேர்ந்து இருந்தாத்தான் முட்டை போடும். டெஸ்ட் பாஸ் ஆனா இளந்தளிர்ல ஒரே ஒரு முட்டை, கடுகைவிடச் சின்னதா, வெளிர் மஞ்சள்ல, உருண்டையா. வெச்சுட்டு அடுத்த தளிருக்கு, அடுத்த செடிக்குப் போயிடும். மொத்தமா ஒரே இடத்துல கொட்டாததுக்குக் காரணம் ஈஸி, தளிர் கொஞ்சம்தான் இருக்கு, ஒரே செடில முப்பது பொறிஞ்சா முப்பதும் பட்டினி.

இப்போ விஷயத்துக்கு வரேன். ரூட்டேசி செடிங்க அந்த வாசனைய நமக்காக வெச்சுக்கல. அது பூச்சிய விரட்டறதுக்கான ஆயுதம். கருவேப்பிலைல வாசனை எண்ணெய் போக கார்பசோல் ஆல்கலாய்டுன்னு ஒரு குரூப்பே இருக்கு, எலுமிச்சை வகைல ஃப்யூரனோகூமரின். இந்த ஃப்யூரனோகூமரின் கொஞ்சம் வில்லங்கமான ஆளு, வெயில் பட்டா இன்னும் வீரியமாயிடும். எலுமிச்சைச் சாறு பட்ட கைய கழுவாம வெயில்ல போனா சில பேருக்கு தோல் கன்னிப் போயி கறுப்புத் தழும்பு விழும், அதுக்குக் காரணமும் இதேதான் (கத்திரி வெயில்ல லெமன் ஜூஸ் கடை போடறவங்க கவனிக்க). ஒரு சாதாரணப் புழு இத சாப்பிட்டா காலி. ஆனா பாப்பிலியோ புழுவோட குடல்ல இத உடைச்சுத் தள்ற என்சைம்கள் இருக்கு, சைட்டோகுரோம் பி450ன்னு சொல்ற வகை. அமெரிக்கால கேரட், பார்ஸ்லி, சோம்பு குடும்பத்துச் செடிய தின்னுற பாப்பிலியோ ஒண்ணு இருக்கு, அதுலதான் இத ரொம்ப விலாவாரியா நிரூபிச்சாங்க. எலுமிச்சைக்கும் கேரட்டுக்கும் என்னடா சம்பந்தம்னா, ரெண்டு குடும்பத்துலயும் இந்த ஃப்யூரனோகூமரின் இருக்கு, அதான் சம்பந்தம். பட்டாம்பூச்சிக்குச் செடியோட குலம் கோத்திரம்லாம் தெரியாது, கெமிஸ்ட்ரிதான் தெரியும்.

செடி ஒரு விஷத்த தயார் பண்ணும், பெரும்பாலான பூச்சி ஒதுங்கிடும், ஏதோ ஒரு பூச்சி மட்டும் அத சமாளிக்கக் கத்துக்கும், அதுக்கப்புறம் போட்டியே இல்லாத அந்தச் செடி முழுக்க அதுக்குத்தான். விரட்டறதுக்கு வெச்ச வாசனையே அந்தப் பூச்சிக்கு வா வான்னு கூப்பிடுற போர்டா மாறிடும். பட்டாம்பூச்சிங்களையும் செடிங்களையும் வெச்சு இந்தக் கருத்த பெரிய அளவுல முன்வெச்சவங்க எர்லிக், ராவன்னு ரெண்டு அமெரிக்க விஞ்ஞானிங்க, 1964ல. அதுக்கப்புறம் வந்த ஆராய்ச்சிங்க அதுல நிறைய திருத்தம் சொல்லிருக்கு, ஆனா அடிப்படை இன்னிக்கும் நிக்குது. நம்ம துளசிய இது ஏன் தொடலங்கிறதுக்குப் பதிலும் இதுலயே இருக்கு. துளசிலயும் வாசனை எண்ணெய் உண்டுதான், ஆனா அது வேற பூட்டு, இதுகிட்ட அதுக்குச் சாவி இல்ல.

லைம் பட்டர்ஃபிளைல ஒரு வேடிக்கை இருக்கு. ஆஸ்திரேலியால இருக்கிற இதே இனத்துப் பட்டாம்பூச்சி எலுமிச்சைய பெருசா கண்டுக்காது, அங்க அது தின்னுறது குல்லன்ங்கிற அவரைக் குடும்பத்துச் செடி. நம்ம நாட்டு மருந்துக் கடைல வெண்புள்ளிக்குக் குடுக்கிற கார்போகரிசி இருக்கில்ல, அதுவும் இந்தக் குல்லன் வகையறாதான். அதுல சொராலென் இருக்கு, சொராலென்ங்கிறது என்னன்னா அதே ஃப்யூரனோகூமரின் கூட்டம், அதனாலதான் அந்த மருந்த தடவிட்டு வெயில் காட்டச் சொல்றாங்க. கெமிஸ்ட்ரி ஒத்துப் போனா எங்க வேணா வண்டிய திருப்பிக்கும்னு இதுலருந்தே தெரியும். எலுமிச்சை தோட்டம் இருக்கிற எடத்துக்கெல்லாம் பரவற தெம்பும் இருக்கு, அட்லாண்டிக்குக்கு அந்தப் பக்கம் டொமினிகன் ரிப்பளிக்ல 2004ல தென்பட்டு அங்கருந்து கரீபியன் தீவுகள்ல பரவிடுச்சு, அங்க அது வெளியூர்லருந்து வந்த பூச்சி, தோட்டக்காரங்களுக்குத் தலைவலி. இங்க அது சொந்த ஊர்க்காரன், ரெண்டையும் ஒரே தராசுல போடக்கூடாது.

புழு எப்படிச் சாப்பிடுதுன்னு பாப்போம். முட்டை மூணு நாலு நாள்ல பொறியும், வெளிய வந்த உடனே முதல் சாப்பாடு அந்த முட்டை ஓடு. அப்புறம் தளிரோட ஓரத்தக் கொஞ்சம் கொஞ்சமா கடிக்கும், அந்த வயசுல முத்தின இலைய கடிக்கிற அளவுக்குத் தாடை பலம் இருக்காது. நாலு தடவை தோல் உரிச்சு அஞ்சு கட்டமா வளரும், உரிச்ச தோலையும் வீணாக்காம தின்னுடும். முதல் நாலு கட்டம் வரைக்கும் பளபளன்னு பழுப்பும் வெள்ளையுமா, பாத்தா பறவை எச்சம் காய்ஞ்சும் காயாமலும் ஒட்டிட்டு இருக்கிற மாதிரி இலைக்கு நட்ட நடுவுல தைரியமா உக்காந்திருக்கும், எச்சத்த எந்தக் குருவி கொத்தப் போகுது. அஞ்சாவது கட்டத்துல எச்சம் வேஷம் செல்லாது, அவ்ளோ பெரிய எச்சம் எங்கயும் கிடையாது, அதனால பச்சையா மாறி, தோள்பட்டைல ரெண்டு பொய்க்கண்ணு வெச்சுக்கிட்டு இலையோட இலையா கலந்துடும். இந்த வேஷ மாற்றத்த நடத்துறது ஜூவனைல் ஹார்மோன், அது உடம்புல குறையும்போதுதான் அடுத்த தோல் பச்சையாகுதுன்னு மேல சொன்ன ஜப்பான் பட்டாம்பூச்சில 2008ல காமிச்சாங்க.

அந்தப் பச்சைக் கட்டம்தான் நம்ம கண்ணுல படுற கட்டம், செடி மொட்டையாகிற கட்டமும் அதான். வாழ்நாள்ல சாப்பிடுறதுல பெரும்பங்கு இந்தக் கடைசி சில நாள்ல சாப்பிடுறதுதான், தளிரு முத்தல்னு பாக்காது, ஓரத்துல ஆரம்பிச்சு நடு நரம்பு வரைக்கும் வழிச்சுடும். அதான் "நேத்துகூட நல்லா இருந்துச்சே"ன்னு ஆச்சரியப்படறோம், நேத்து வரைக்கும் அது எச்சம் வேஷத்துல நம்ம முன்னாடிதான் உக்காந்திருந்துச்சு.

தொட்டுப் பாக்கலாமான்னா தாராளமா தொடலாம். மழைக்காலத்துல முருங்கை மரத்துல அப்பிக்கிடக்குமே கம்பளிப்பூச்சி, அது வேற, அதோட முடி பட்டா அரிக்கும். இதுக்கு முடியே கிடையாது. சீண்டினா மட்டும் தலைக்குப் பின்னாடியிலருந்து ஆரஞ்சாவோ சிவப்பாவோ பாம்பு நாக்கு மாதிரி கவட்டையா ஒண்ண வெளிய நீட்டும், குப்புன்னு ஒரு நாத்தம் வரும். சின்ன வயசுல அந்த நாத்தத்துல டெர்பீன்ங்கிற வாசனை எண்ணெய் வகை தூக்கலா இருக்கும், கடைசிக் கட்டத்துல அமில வகைக்கு மாறிடும். எறும்பு மாதிரி சின்ன எதிரிங்கள இது நல்லாவே விரட்டும். நம்மள ஒண்ணும் பண்ணாது, கைய சோப்பு போட்டுக் கழுவிட்டு சாப்பிட உக்காந்தா போதும்.

இவ்ளோ ஏற்பாடு இருந்தும் பொறியறதுல ரொம்பக் கொஞ்சம்தான் இறக்கை முளைச்சுப் பறக்குது. முட்டைக்குள்ளயே தன் முட்டைய வைக்கிற டிரைக்கோகிராமான்னு கண்ணுக்கே தெரியாத குளவி இருக்கு, புழுவ தூக்கிட்டுப் போற குளவி, கும்பிடுபூச்சி, சிலந்தி, தையல்சிட்டு, கூட்டுப்புழு கட்டத்துலகூட உள்ள பூந்து தின்னுற டெரோமாலஸ் குளவி. நீங்க மருந்து அடிக்கலன்னாலும் ஆள் குறைப்பு நடந்துட்டேதான் இருக்கு, மருந்து அடிச்சா இந்தக் குளவிங்களும் சேந்து சாகும்.

இப்போ பெரியவங்க சாப்பாடு. கூட்ட விட்டு வெளிய வந்தப்புறம் இதால ஒரு இலையக்கூட கடிக்க முடியாது, தாடையே கிடையாது. அதுக்குப் பதிலா ரெண்டு பாதியா இருக்கிற நீளக் குழல் ஒண்ணு, வெளிய வந்த உடனே அந்த ரெண்டு பாதியையும் சுருட்டி நீட்டிச் சேத்து ஒரே குழலாக்கிக்கும், தலைக்குள்ள இருக்கிற பம்ப் தேன உறிஞ்சும். வேலை இல்லாதப்போ வாட்ச் ஸ்பிரிங் கணக்கா சுருண்டு கிடக்கும். காமன் மார்மனுக்கு இட்லிப்பூ, செம்பருத்தி, உன்னிப்பூ எல்லாம் பிடிக்கும், லைம் பட்டர்ஃபிளை வெயில் விரும்பி, தரையோட இருக்கிற வெட்டுக்காயப் பூண்டுல கூட உக்காரும். உக்காரும்னு சொல்றதே தப்பு, இந்த அழகி குடும்பம் தேன் குடிக்கும்போதும் இறக்கைய படபடன்னு அடிச்சுட்டே இருக்கும், போட்டோ எடுக்கிறவங்க பொறுமைய சோதிக்கும்.

தேன்ல இருக்கிறது பெரும்பாலும் சர்க்கரையும் தண்ணியும்தான். பறக்க அது போதும், முட்டை தயாரிக்க புரோட்டீன் வேணும், அது எங்கருந்து வரும்? பெரும்பகுதி புழுவா இருந்தப்போ தின்ன இலைல இருந்து சேத்து வெச்சதுதான். அப்போ உங்க கருவேப்பிலைல எத்தனை இலை காணாமப் போச்சோ அதுல ஒரு பங்கு அடுத்த தலைமுறை முட்டையா எங்கயோ இன்னொரு வீட்டுத் தொட்டில ஒட்டிட்டு இருக்கும். உப்புக்கு வேற வழி. செடில சோடியம் ரொம்பக் கம்மி, அதனால ஆம்பளைப் பட்டாம்பூச்சிங்க ஈர மண்ணுல, தண்ணி டேங்க் கசியற எடத்துல உக்காந்து மணிக்கணக்கா உறிஞ்சும். அந்த உப்புல ஒரு பங்கு இணை சேரும்போது பொட்டைக்குப் போகுது. மழை விட்ட மறுநாள் காலைல வெறும் சேத்துல பட்டாம்பூச்சி உக்காந்திருந்தா இதுதான் விஷயம்.

சாப்பாட்டால தோற்றமே மாறின கதை ஒண்ணும் இதுல இருக்கு, அதச் சொல்லாம விட மனசு வரல. காமன் மார்மன்ல எல்லாப் பொட்டையும் ஆம்பள மாதிரி இருக்காது. சிலது காமன் ரோஸ்ங்கிற வேற பட்டாம்பூச்சி மாதிரி, சிலது கிரிம்சன் ரோஸ்ங்கிற இன்னொரு பட்டாம்பூச்சி மாதிரி சிவப்புத் திட்டோட இருக்கும். அந்த ரெண்டு ரோஸும் புழுவா இருக்கிறப்போ ஆடுதீண்டாப்பாளை, ஈஸ்வரமூலி வகைச் செடிய தின்னு அதுல இருக்கிற அரிஸ்டோலோகிக் அமிலத்த உடம்புல தேக்கி வெச்சுக்கும், ஒரு தடவை கொத்தின பறவை மறுபடி கிட்ட வராது. நம்ம கருவேப்பிலை ஆளு விஷத்த உடைச்சு வெளிய தள்ற பார்ட்டி, உடம்புல சேத்து வைக்கிற பார்ட்டி இல்ல, அதனால இது பறவைக்கு நல்ல ருசியான தீனி. அதான் விஷக்காரன் சட்டைய மாட்டிட்டு திரியுது. இந்த வேஷத்த தீர்மானிக்கிறது டபுள்செக்ஸ்ங்கிற ஒரே ஜீன்னு 2014ல நேச்சர் இதழ்ல வந்துச்சு, அந்த ஆராய்ச்சிக் கட்டுரைல முதல் பேரு பெங்களூர்ல என்சிபிஎஸ்ங்கிற உயிரியல் ஆராய்ச்சி நிலையத்துல இருக்கிற கிருஷ்ணமேக் குண்டேவோடது.

இனி நடைமுறை. ஆள் உயரத்துக்கு வளந்த கருவேப்பிலைனா எதுவும் செய்ய வேணாம், நாலஞ்சு புழுவ அது அசால்ட்டா தாங்கும், எப்படியும் நாமளே கிளைய ஒடிச்சு விடச் சொல்றோம் தழையட்டும்னு. பிரச்சினை ஒரு அடி நாத்துலதான், அதுல ஒரு பச்சைப் புழு இருந்தாகூட முழுசா உருவிடும், எலுமிச்சை நாற்றங்கால்காரங்க இத எதிரியா பாக்கிறதுல நியாயம் இருக்கு. அப்போ புழுவ இருக்கிற இலையோட கிள்ளி பெரிய செடிக்கு மாத்துங்க, கோயில் வில்வ மரம்கூட ஓகே, ஆனா ஒரு இலைல பழகின பெரிய புழு சில சமயம் வேற இலைய ஏத்துக்காது, குட்டியா இருக்கும்போதே மாத்தினா நல்லது. ரோட்டோரச் செடில கொண்டு போயி விடுறதுல பிரயோஜனம் இல்ல, அது இந்தக் குடும்பமா இல்லன்னா பட்டினி கிடந்து சாகும். வேப்பெண்ணெய் இயற்கைதானேன்னு கேப்பாங்க, இயற்கைதான், ஆனா அதுல இருக்கிற அசாடிராக்டின் புழுவ சாப்பிட விடாது, தோலும் உரிக்க விடாது, அது கொல்ற விதமே அதான். மாவுப்பூச்சிக்கு அடிக்கணும்னா புழு இல்லாத கிளையா பாத்து அடிங்க.

அப்புறம் நிறைய பேர் பட்டாம்பூச்சி வரணும்னு நர்சரில போயி கலர் கலரா பூச்செடி மட்டும் வாங்கறாங்க. பூ இருந்தா வரும், குடிக்கும், போயிடும். தங்கி பெருகணும்னா இலை வேணும். பூவுலயும் அடுக்கு அடுக்கா இதழ் இருக்கிற ஹைபிரிட் செம்பருத்திய விட ஒத்தை அடுக்குதான் பெட்டர், குழல் உள்ள போக வழி இருக்கும். புழு ஒரு நாள் திடீர்னு சாப்பிடறத நிறுத்திட்டு தண்ணியா கழிஞ்சு செடிய விட்டு இறங்கி நடக்க ஆரம்பிச்சா நோய்னு நினைச்சு பயந்துடாதீங்க, வயித்த காலி பண்ணிட்டு கூடு கட்ட எடம் தேடுது, செவுரு, கிரில் கம்பி, துணி காயப்போடுற ஸ்டாண்டு எதுல வேணா ஒட்டிக்கும், பச்சையாவோ பழுப்பாவோ இடத்துக்குத் தகுந்த மாதிரி. நம்ம ஊர் சூட்டுல முட்டைலருந்து இறக்கை வரைக்கும் சுமாரா ஒரு மாசம் ஆகும். புதுசா வாங்கின செடில மட்டும் ஒரு எச்சரிக்கை, நர்சரில ஏற்கனவே உள்ளுக்குள்ள ஊடுருவுற மருந்து போட்டிருக்கலாம், அதுல முட்டை வெச்சாலும் புழு தேறாது. பழைய இலையெல்லாம் உதிர்ந்து ரெண்டு மூணு தடவை புதுத் தளிர் வந்தப்புறம்தான் அந்தச் செடிய நம்பலாம், பட்டாம்பூச்சிக்கு மட்டுமில்ல, சாம்பாருக்கும்.